சாலம்மாளின் பூக்காசு

பாப்பிரெட்டிப்பட்டி
14.9.1986

அருமை மகள் பரிதாவுக்கு, உன் அம்மா ஹமீதுன்னிசா சலாம் கூறி எழுதுவது. ஆண்டவன் கிருபையில் இங்கே எல்லோரும் சுகமே. உன் அத்தாவுக்கு வழக்கம்போல் வாய்வுத் தொல்லை, எனக்கு வழக்கம்போல் உன் அத்தா தொல்லை, அதை விட்டால் வேறு குறை இல்லை. நீயும் மாப்பிள்ளையும் குட்டிப் பயலும் ஜாம்ஷெட்பூரில் நல்ல சுகத்தோடு இருக்க ஐந்து வேளையும் துவா கேட்டுக்கொண்டிருக்கிறேன். பக்ரீதுக்கு நீ போட்ட கடிதம் கறியெல்லாம் தீர்ந்த பிறகுதான் வந்து சேர்ந்தது. குட்டிப் பயல் சுவரைப் பிடித்துக்கொண்டு நடக்கிறான் என்று நீ எழுதியதைத் தெருவில் நாலு வீட்டுக்குப் படித்துக் காட்டினேன், உன் அத்தா ஐந்தாவது வீட்டுக்குப் போய் அவன் ஓடுகிறான் என்றே சொல்லிவிட்டு வந்துவிட்டார். உன் தம்பி அன்வர் பத்தாவதில் கணக்கில் கோட்டை விட்டுவிட்டு அக்டோபரில் எழுதி முடித்துவிடுகிறேன் என்கிறான், புத்தகம் நாள் முழுக்கத் திறந்துதான் கிடக்கிறது, அதற்கு முன்னால்தான் ஆளைக் காணோம். ஆடி முழுக்க ஏமாற்றிய மழை இப்போது சாயங்காலமானால் வந்துவிடுகிறது, துணி காயவைப்பதுதான் பெரும்பாடு. நீ கேட்ட புளித்தொக்கு ஒரு டப்பா செய்து வைத்திருக்கிறேன், பொம்மிடியில் ரயில் ஏறுகிறவர் யாராவது உங்கள் பக்கம் வந்தால் கொடுத்தனுப்புகிறேன்.

மாதேஸ் கேஸ் என்னாயிற்று என்று இரண்டு கடிதமாகக் கேட்டுக்கொண்டிருந்தாய். முடிந்தது பரிதா, போன வியாழக்கிழமை தீர்ப்பு வந்துவிட்டது, நல்லபடியாக வந்துவிட்டது. அதைச் சொல்லத்தான் உட்கார்ந்தேன். உனக்குக் கல்யாணமாகிப் போன பிறகு நடந்ததால் உனக்கு அரைகுறையாகத்தான் தெரியும், மாப்பிள்ளைக்கு அதுவும் தெரியாது, அவர் நம் மாதேஸைப் பார்த்தது கல்யாணத்தன்று பந்தலில் தண்ணீர் தூக்கியபோதுதான். அதனால் முதலிலிருந்தே எழுதுகிறேன், அவருக்கும் படித்துக் காட்டு. மாதேஸ் சித்தேரி மலைக்காரன். சாமையும் ராகியும் விதைத்த காட்டில் மழை தொடர்ந்து ஏமாற்றியதால் பெண்டாட்டி சாலம்மாளையும் கைக்குழந்தையையும் கூட்டிக்கொண்டு இறங்கி வந்து நம் லாரியில் மூட்டை ஏற்றி இறக்கச் சேர்ந்தான். வாட்டசாட்டமான ஆள், புளி மூட்டையை முதுகில் வாங்கினால் தலையணையைத் தூக்குகிற மாதிரி இருக்கும். உன் அத்தாவுக்கு ஒரு குணம் உண்டு, கூலி என்ற வார்த்தை அவர் வாயில் வராது. நம் ஊர் மண்டிக்காரர்களில் பாதிப் பேர் அப்படித்தான், ஒருவர் வெற்றிலைக்காசு என்பார், ஒருவர் டீக்காசு என்பார், உன் அத்தாவுடையது பூக்காசு. வெள்ளிக்கிழமை ஜும்மா முடிந்து வந்ததும் மாதேஸின் சட்டைப் பையில் நோட்டைச் சுருட்டி வைத்து, சாலம்மாளுக்குப் பூ வாங்கிட்டுப் போடா என்பார். அவனும் எண்ணிப் பார்க்காமல் போவான். எண்ணிப் பார்த்தால் மரியாதை இல்லையாம். அவர் அவனைத் தம்பி என்பார், அவன் அவரை அண்ணா என்பான், நம் வீட்டு அடுப்படியில் நான் போடுகிற சோற்றைத்தான் மத்தியானம் சாப்பிடுவான்.

போன வருஷத்துக்கு முந்தின வருஷம் புளி சீசனில், சேலத்துக்கு லோடு போகும்போது மஞ்சவாடிக் கணவாய் வளைவில் நம் லாரி சாய்ந்துவிட்டது. டிரைவர் நஞ்சப்பன் இறக்கத்தில் வேகத்தைக் குறைக்கவில்லை, அதை அவனே கோர்ட்டில் ஒப்புக்கொண்டான். மூட்டைகளின் மேல் உட்கார்ந்திருந்த மாதேஸ் கீழே விழ, மூட்டைகள் அவன் காலின் மேல் விழுந்தன. நஞ்சப்பனுக்கு நெற்றியில் ஒரு கீறல், உன் அத்தாவுக்கு ஒன்றுமே இல்லை, அவர் அன்று வாய்வு என்று வீட்டில் படுத்திருந்தார். சேலம் பெரியாஸ்பத்திரியில் காலை எடுக்காமல் காப்பாற்றிக் கொடுத்தார்கள், அந்த டாக்டர் பிள்ளைகுட்டிகளோடு நன்றாக இருக்க வேண்டும், ஆனால் முழங்கால் மடங்காமலே நின்றுவிட்டது. அவனுடைய மலையூருக்கே கொண்டுபோய் விடலாம் என்றால் அந்தப் பாதையில் அவனை எப்படித் தூக்கிப் போவது, அதனால் நம் வீட்டிலேயே முன் அறையில் கட்டில் போட்டுப் படுக்க வைத்தோம். மூட்டை தூக்கியே பிழைத்தவன், இனி தூக்க முடியாது என்று தெரிந்த அன்றைக்கு அவன் சுவரைப் பார்த்துத் திரும்பிப் படுத்துக்கொண்டான். சாலம்மாள் என் பக்கத்தில் உட்கார்ந்து பூண்டு உரித்துக்கொண்டே அழுதாள், நானும் பூண்டின் மேல் பழியைப் போட்டு அழுதேன்.

அப்போதுதான் தர்மபுரி வக்கீல் தீர்த்தகிரி சொன்னார், லாரிக்கு இன்ஷூரன்ஸ் இருக்கிறதே, மாதேஸ் நஷ்டஈடு கேட்டுக் கேஸ் போடட்டும், கம்பெனி கொடுக்கும் என்று. ஆனால் கம்பெனி மேல் மட்டும் போட முடியாதாம், லாரிக்காரர் மேலும் சேர்த்துத்தான் போட வேண்டுமாம். உன் அத்தாதான் மாதேஸை வற்புறுத்தி வக்காலத்தில் கைநாட்டு வைக்கச் சொன்னார். தன் மேல் கேஸ் போட வைக்கத் தானே ஆளைத் தோளில் சாய்த்துக் கூட்டிப் போனவர் இந்த ஜில்லாவில் உன் அத்தா அப்துல் சுபான் ஒருவராகத்தான் இருப்பார். கோர்ட்டு நோட்டீஸ் வந்ததும் நம் டீக்கடை காளியப்பன் துக்கம் விசாரிக்கிற முகத்தோடு வந்து, சோறு போட்ட கைக்கே நோட்டீஸ் அனுப்பிட்டானாமே பாய் என்றான். உன் அத்தா சிரித்துக்கொண்டே, நாந்தானய்யா அனுப்பச் சொன்னேன் என்றார். காளியப்பன் நம்பவில்லை. ஊரில் பாதிப் பேர் இன்றுவரைக்கும் நம்பவில்லை, ஏதோ உள்ளுக்குள் பகை என்றுதான் பேசிக்கொள்கிறார்கள்.

அதன் பிறகு கம்பெனியிலிருந்து விசாரிக்க ஒருவர் வந்தார். சூட்கேஸும் கையுமாக, நல்ல மரியாதையான மனிதர், நான் சுட்டுக் கொடுத்த வெல்லச் சுழியத்தை இரண்டு கேட்டு வாங்கிச் சாப்பிட்டார். மாதேஸ் கட்டிலில் மாவுக்கட்டோடு படுத்திருக்கிறான், அவன் காதில் விழுகிற மாதிரிதான் அவர் கேட்டார், இவர் உங்ககிட்ட வேலை செய்யற கூலியாளுங்களா என்று. உன் அத்தாவுக்கு ரோஷம் பொத்துக்கொண்டு வந்துவிட்டது. "கூலியாளா? யாரைப் பாத்துங்க கேக்கறீங்க? அவன் எங்க வூட்டுப் புள்ளைங்க, என் கூடப் பொறக்காத தம்பி. லாரி போவுதுன்னா தொணைக்கு ஏறிக்குவான், அவ்வளவுதான்" என்றார். மாதேஸும் சும்மா இருந்தானா, படுத்தபடியே, "நானு கூலிக்கு வர்றவன் இல்லீங்க, அண்ணன் கூப்புட்டா வர்றவன்" என்றான். வந்தவர் தலையை ஆட்டி ஆட்டி எழுதிக்கொண்டார், உன் அத்தா கையெழுத்துப் போட்டார், மாதேஸ் கைநாட்டு வைத்தான், நான் அவருக்கு வழிச்செலவுக்கு நாலு சுழியம் பொட்டலம் கட்டிக் கொடுத்தேன். எல்லோருக்கும் மனசு நிறைந்த மாதிரி இருந்தது.

அந்தக் காகிதத்தைப் பார்த்துவிட்டுத் தீர்த்தகிரி வக்கீல் தலையில் கை வைத்துக்கொண்டார். விஷயம் என்னவென்றால் பரிதா, சரக்கு லாரியில் வேலைக்காக ஏறிய ஆளுக்கு அடிபட்டால் கம்பெனி கொடுத்தாக வேண்டும். சும்மா துணைக்கு ஏறினவர், ஓசியில் ஏறினவர் என்றால் கம்பெனிக்கு அவர் யாரோ. அந்த நஷ்டஈட்டை லாரிக்காரர்தான் தன் கையிலிருந்து கொடுக்க வேண்டும். கம்பெனி பதில் மனுவில் அதையேதான் எழுதிவிட்டது, இவர் முதலாளியின் நண்பர், ஓசிப் பயணி, அவர்களே கையெழுத்துப் போட்டுக் கொடுத்திருக்கிறார்கள் என்று. நம்மிடம் என்ன இருக்கிறது, பாங்கில் கடன் பாக்கியோடு ஒரு லாரி இருக்கிறது, அதை வைத்து ஒரு சின்ன புளி மண்டி ஓடுகிறது. கோர்ட்டு நம் தலையில் கட்டினால் லாரி ஏலத்துக்குப் போகும், பாங்குக்காரன் முதலில் எடுத்துக்கொள்வான், மிச்சம் மீதியைத்தான் மாதேஸ் பார்க்க முடியும், அதுவும் எத்தனை வருஷம் கழித்தோ. நமக்கும் பிழைப்பு இல்லை, அவனுக்கும் கால் இல்லை. இத்தனையும் எதனால், ஒரு ஆள் முகத்துக்கு நேராக அவனைக் கூலி என்று சொல்ல உன் அத்தாவுக்கு வாய் வராததால். எனக்குக் கோபம் வந்தது, ஆனால் சுழியம் கட்டிக் கொடுத்தவள் எந்த வாயால் கோபப்படுவது.

கேஸ் வாய்தா வாய்தாவாகப் போனது. ஒவ்வொரு வாய்தாவுக்கும் உன் அத்தாவும் மாதேஸும் ஒரே பஸ்ஸில்தான் தர்மபுரி போவார்கள், டிக்கெட் எடுக்க இருவரும் சண்டை போட்டுக்கொள்வார்கள். நான் ஒரே அடுக்குக் கேரியரில் இருவருக்கும் சாப்பாடு கட்டிக் கொடுப்பேன், கோர்ட்டு வேப்பமரத்தடியில் உட்கார்ந்து சாப்பிடுவார்கள். மாதேஸுக்குக் கால் மடங்காது என்பதால் உன் அத்தாதான் எடுத்து வைப்பார். கம்பெனி வக்கீல் இதை ஒரு நாள் பார்த்துவிட்டார். மறு வாய்தாவில் ஜட்ஜிடமே சொன்னாராம், கேஸ் போட்டவரும் எதிர்த்தரப்பும் ஒரே கேரியரில் சாப்பிடுகிறார்கள், எதிர்த்தரப்பே பரிமாறுகிறார், இது கூட்டுச்சதி இல்லாமல் வேறென்ன, எந்த முதலாளி தொழிலாளிக்குக் குழம்பு ஊற்றுகிறார் என்று. கோர்ட்டே சிரித்ததாம். தீர்த்தகிரி வக்கீல் மட்டும் சிரிக்கவில்லை, அன்றே ஆள் அனுப்பி, அம்மா, தயவுசெய்து இனி இரண்டு கேரியராகக் கட்டிக் கொடுங்கள் என்று சொல்லச் சொன்னார். கட்டிக் கொடுத்தேன். இரண்டு பேரும் வேப்பமரத்துக்கு அந்தப்பக்கமும் இந்தப்பக்கமுமாக முதுகைக் காட்டி உட்கார்ந்து சாப்பிட்டார்களாம், நடுவில் மரத்தைச் சுற்றிக் கையை நீட்டி உன் அத்தா ஊறுகாயைக் கொடுத்தாராம். அதையும் யாரோ பார்த்துத் தொலைத்தார்கள்.

ரம்ஜான் பெருநாள் கழிந்து உன் அத்தாவைச் சாட்சிக் கூண்டில் ஏற்றப் போகிறார்கள் என்று தேதி வந்தது. வக்கீல் சொன்னது ஒன்றே ஒன்றுதான், பொய் எதுவும் சொல்ல வேண்டாம், நடந்ததைச் சொல்லுங்கள், மாதேஸ் உங்களிடம் வேலை செய்தார், நீங்கள் கூலி கொடுத்தீர்கள், அவ்வளவுதான். அது பொய்யா, உண்மைதானே. நான் வீட்டில் அவரைப் பழக்கினேன். என்னை ஜட்ஜாக நினைத்துக்கொண்டு சொல்லுங்கள் என்று கட்டிலில் நிமிர்ந்து உட்கார்ந்தேன். அவர் எழுந்து நின்று, மாதேஸ் என் என்பார், அதோடு நிறுத்தித் தண்ணீர் கேட்பார். ஒரு சொம்புத் தண்ணீர் தீர்ந்ததுதான் மிச்சம். அன்வர் மூலையில் உட்கார்ந்து சிரித்துக்கொண்டிருந்தான், கணக்குப் புத்தகத்தை வைத்து முகத்தை மறைத்துக்கொண்டு, அன்றைக்காவது அந்தப் புத்தகத்துக்கு ஒரு வேலை வந்ததே என்று நானும் விட்டுவிட்டேன்.

சாட்சி நாளுக்கு நானும் சாலம்மாளும் போனோம். தர்மபுரிக் கோர்ட்டு எனக்குப் புதுசு, பெண்கள் உட்கார்கிற பெஞ்சில் துப்பட்டியை இழுத்துவிட்டுக்கொண்டு உட்கார்ந்தேன். உன் அத்தா கூண்டில் ஏறினார். தீர்த்தகிரி வக்கீல் கேட்டதும் எப்படியோ கண்ணை மூடிக்கொண்டு, மாதேஸ் எங்கிட்ட வேல செஞ்சானுங்க, கூலி குடுத்தேன் என்று சொல்லிவிட்டார். மாதேஸ் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தான். அப்புறம் கம்பெனி வக்கீல் எழுந்தார். பழைய காகிதத்தைக் காட்டி, இதில் தம்பி என்று கையெழுத்துப் போட்டிருக்கிறீர்கள், இங்கே கூலி என்கிறீர்கள், எது பொய் என்றார். உன் அத்தா, "எதுவும் பொய்யில்லீங்க. அன்னிக்கு அவன் படுத்திருந்தானுங்க, அவன் மூஞ்சிக்கு நேரா எப்பிடிங்க சொல்றது" என்றார். வக்கீல் விடவில்லை, கூலி கொடுத்ததற்கு ரசீது உண்டா, கூலி என்று என்றைக்காவது வாயால் சொல்லிக் கொடுத்திருக்கிறீர்களா என்றார். உன் அத்தாவுக்குப் பொய் வராது, இல்லீங்க, பூ வாங்கிக்கன்னு குடுப்பேன் என்றார். வக்கீல் சந்தோஷமாக ஜட்ஜைத் திரும்பிப் பார்த்து, பார்த்தீர்களா, பூவுக்குக் கொடுத்த அன்பளிப்பு, கூலியே இல்லை என்று சொல்லிவிட்டு உட்கார்ந்தார். எனக்கு அந்த நிமிஷம் நம் லாரி ஏலத்தில் நிற்பது கண்ணில் தெரிந்தது.

அடுத்து சாலம்மாள் ஏறினாள். மலைக்காரப் பெண், கோர்ட்டைப் பார்த்துப் பயப்படுவாள் என்று நினைத்தேன், அவள் கூண்டுக் கம்பியைப் பிடித்துக்கொண்டு சந்தையில் விலை கேட்கிற மாதிரி நின்றாள். கம்பெனி வக்கீலே அவளிடம் எடுத்துக் கொடுத்தார், பாய் உனக்குப் பூ வாங்கத்தானே பணம் கொடுத்தார் என்று. ஆமாங்க என்றாள். அவர் போதும் என்று உட்காரப் போனார். ஜட்ஜ் ஐயா பேனாவை வைத்துவிட்டு, வாரம் எவ்வளவும்மா வரும் என்று கேட்டார். எழுவது ரூவாங்க சாமி என்றாள். ஜட்ஜ், ஏம்மா, வாரம் எழுபது ரூபாய்க்கு என்ன பூ வாங்கி வெச்சே என்றார். சாலம்மாள் அவரை விநோதமாகப் பார்த்தாள். "பூவாங்க? அத்தனைக்கும் பூவு வெச்சா எங் கழுத்து ஒடிஞ்சு போவாதுங்களா சாமி? ராகி வாங்குனோம், உப்பு மொளகா வாங்குனோம், புள்ளைக்குச் சிலேட்டு வாங்குனோம்" என்றாள். கோர்ட்டில் ஒரே சிரிப்பு, ஜட்ஜுக்கும் சிரிப்பு வந்துவிட்டது. சிரிப்பு அடங்கியதும் அவர் ஒன்று கேட்டார், உன் வீட்டுக்காரர் வேலைக்குப் போகாத வாரம் இந்தப் பூக்காசு வருமா என்று. அவள் யோசிக்கவே இல்லை. "வேலைக்குப் போவாட்டி எப்பிடிங்க வரும்? புள்ளைக்கு அம்ம போட்டு இவரு வூட்டுல கெடந்தாரே, அந்த வாரம் வரலீங்க" என்றாள். ஜட்ஜ் ஐயா எழுத ஆரம்பித்தார். தீர்த்தகிரி வக்கீல் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். கேஸ் அங்கேயே ஜெயித்துவிட்டது என்று எனக்கே தெரிந்துவிட்டது. சந்தோஷத்தோடு உன் அத்தாவைத் திரும்பிப் பார்த்தேன், பரிதா, அவர் முகம் செத்துப் போயிருந்தது.

பஸ்ஸில் அவர் மாதேஸ் பக்கத்தில் உட்காராமல் முன் சீட்டில் போய் உட்கார்ந்துகொண்டார். வீட்டுக்கு வந்து சோறும் வேண்டாம் என்றார். உன் அத்தா சோறு வேண்டாம் என்கிற ஆளா, உனக்குத்தான் தெரியுமே. என்னங்க என்றேன். "அந்தப் புள்ளைக்கு அம்ம போட்ட வாரம் நான் குடுக்கலியா?" என்றார். நீங்கள் சேலம் போயிருந்தீர்கள், நான் ராகி கொஞ்சம் கொடுத்தனுப்பினேன், காசு போகவில்லை என்று உள்ளதைச் சொன்னேன். "அண்ணனா இருந்தா குடுத்திருப்பான் இல்ல" என்றார். கண்ணில் தண்ணீர் நின்றது. இத்தனை வருஷம் அவரோடு குடும்பம் நடத்தியிருக்கிறேன், அன்றைக்கு அவர் மேல் எனக்கு வந்த பிரியம் கல்யாணமான புதிதில்கூட வந்ததில்லை, உனக்கு எழுதக் கூச்சமாகத்தான் இருக்கிறது, இருந்தாலும் எழுதுகிறேன். நான் சொன்னேன், "வூட்டுல அண்ணனா இருங்க, யாரு வேண்டாங்கறாங்க. கோர்ட்டுல மொதலாளியா நின்னாத்தான அவங்காலுக்கு வழி பொறக்கும்" என்று. கொஞ்ச நேரம் கழித்துச் சாப்பிட்டார், ரசம் மட்டும்.

தீர்ப்பில் ஜட்ஜ் ஐயா எழுதியதைத் தீர்த்தகிரி வக்கீல் தமிழில் சொல்லிக் காட்டினார். வேலை செய்தால் வருகிற பணம், செய்யாவிட்டால் நின்றுபோகிற பணம், அதற்கு எந்தப் பேர் வைத்தாலும் அது கூலிதான் என்று எழுதியிருக்கிறாராம். முதலாளி சாப்பாடு போட்டார் என்பதற்காகத் தொழிலாளி விருந்தாளி ஆகிவிட மாட்டார் என்று நம் கேரியரைப் பற்றியும் ஒரு வரி இருக்கிறதாம், என் குழம்பு கோர்ட்டுத் தீர்ப்பில் ஏறிவிட்டது, உன் மாமியாருக்குச் சொல். பதினோராயிரத்துச் சொச்சமும் அதற்கு வட்டியும் கம்பெனிதான் கட்ட வேண்டும் என்று உத்தரவு. கம்பெனி வக்கீலே வெளியே வந்து உன் அத்தாவுக்குக் கை கொடுத்து, இதுக்கு மேல அப்பீல் எல்லாம் போக மாட்டாங்க பாய், கோர்ட்டுல கட்டிடுவாங்க என்றாராம். அன்றைக்குக் காளியப்பன் கடையில் எல்லோருக்கும் உன் அத்தா டீ வாங்கிக் கொடுத்தார். காளியப்பன் மெதுவாக, கேசுல தோத்தவரு எதுக்கு டீ வாங்கித் தர்றாரு என்று பக்கத்திலிருந்தவரிடம் கேட்டானாம்.

நேற்று மாதேஸ் வந்தான். ஊன்றுகோலை வைத்துக்கொண்டு கால் நீட்டி முன் அறையில் உட்கார்ந்தான், மலையிலிருந்து ஒரு பாட்டில் தேன் கொண்டுவந்திருந்தான். பணம் வந்ததும் மலையில் காட்டைத் திருத்திக் கொஞ்சம் பலா வைக்கப் போகிறானாம், சாலம்மாளின் யோசனை. உன் அத்தா நல்லதுடா என்றார். பிறகு தொண்டையைச் செருமிக்கொண்டு, "மூட்டதான தூக்க முடியாது, கண்ணு நல்லாத்தான இருக்கு. மண்டியில வந்து ஒக்காந்து புளிய தரம் பிரிச்சுக் குடு, கொட்ட எடுக்கறவங்களப் பாத்துக்க, நாளையிலிருந்து வா" என்றார். எப்போதும் அண்ணன் சொன்னால் சரிங்கண்ணா என்று எழுந்து நிற்கிறவன், நேற்று எழவில்லை. தோசைக்கல்லில் மாவை ஊற்றிவிட்டு நானும் காது கொடுத்துக்கொண்டு நின்றேன். மாதேஸ் தரையைப் பார்க்காமல் உன் அத்தாவின் முகத்தைப் பார்த்து, "சம்பளம் எத்தனைங்கண்ணா?" என்று கேட்டான்.

தோசை கருகிவிட்டது. உன் அத்தா மெதுவாக, "ஏன்டா, இத்தன வருசமாக் கேக்காதவன் இன்னிக்குக் கேக்கற?" என்றார். மாதேஸ் சொன்னான், "அப்பக் கேட்டா ஒங்க மனசு நோவும்னு இருந்துட்டனுங்கண்ணா." அவ்வளவுதான் சொன்னான். நாம்தான் அவன் மனசு நோகக் கூடாது என்று அந்த வார்த்தையை வாயில் எடுக்காமல் இருந்தோம் என்று பெருமைப்பட்டுக்கொண்டிருந்தோம், அவனோ நமக்காகக் கேட்காமல் இருந்திருக்கிறான். உன் அத்தா தலையைக் குனிந்துகொண்டார், நான் முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டேன், இந்தத் தடவை பூண்டு கூட இல்லை. பிறகு உன் அத்தா ஒரு தொகை சொன்னார். மாதேஸ் பத்தாதுங்கண்ணா என்றான். அடேயப்பா, பிறகு நடந்த பேரத்தை நீ கேட்டிருக்க வேண்டும், புளி சீசனில் சேலத்து வியாபாரிகளோடுகூட உன் அத்தா அப்படிக் கத்தியதில்லை, மாதேஸும் சளைக்கவில்லை, பாடம் படிக்கிற அன்வர்கூட எழுந்து வந்து வேடிக்கை பார்த்தான். கடைசியில் தொகை மாதேஸ் சொன்ன பக்கம்தான் சாய்ந்தது. வெள்ளிக்கிழமை லீவு, பிள்ளைக்கு உடம்பு சரியில்லை என்றால் லீவு, அந்த நாளுக்கும் சம்பளம் உண்டு, இந்தக் கடைசியைக் கேட்டு வாங்கியது மாதேஸ் இல்லை, உன் அத்தா தானாகவே சொன்னது. தொகை எவ்வளவு என்று எழுத மாட்டேன், அது அவர்கள் இருவரின் பேச்சு. அவன் போன பிறகு உன் அத்தா என்னிடம் வந்து, "நல்லாப் பேரம் பேசறான்டி, என்னயே மடக்கிட்டான்" என்றார். இப்படி வாய் கொள்ளாமல் அவர் சிரித்து நான் பார்த்து ரொம்ப நாளாகிறது.

இனி உனக்கு ஒரு வார்த்தை. உன் வீட்டுக்குப் பாத்திரம் தேய்க்க வருகிற அந்தப் பெண்ணைச் சொந்தத் தங்கையாட்டம் வைத்திருக்கிறேன், பெருநாளைக்குச் சேலை எடுத்துக் கொடுத்தேன், சம்பளம் என்று தனியாகப் பேசவில்லை, அவ்வப்போது கையில் இருப்பதைக் கொடுக்கிறேன் என்று நீ எழுதியிருந்தாய். படித்தபோது என் மகள் எத்தனை நல்லவள் என்று நினைத்தேன், இப்போதும் அப்படித்தான் நினைக்கிறேன், நீ உன் அத்தாவின் மகள். தங்கை என்றே கூப்பிடு, சேலையும் எடுத்துக் கொடு. ஆனால் இந்தக் கடிதம் கிடைத்ததும் ஒரு நாள் அவளுக்கு டீ போட்டுக் கொடுத்து உட்கார வைத்து, மாசம் எவ்வளவு வேண்டும் என்று நீயே கேட்டுவிடு. அவள் கேட்க மாட்டாள், உன் மனசு நோகும் என்று அவளும் பார்த்துக்கொண்டிருப்பாள்.

குட்டிப் பயலைக் குளிர் தொடங்கும் முன் தலைக்குக் குளிப்பாட்டுவதைக் குறைத்துக்கொள், மாப்பிள்ளையை ராத்திரி ஷிப்ட் முடிந்து வெறும் வயிற்றில் தூங்க விடாதே. உங்கள் மூவரையும் ஆண்டவன் எந்தக் குறையும் இல்லாமல் நீண்ட ஆயுசோடு வைத்துக் காக்கட்டும், உன் மாமனார் மாமியாருக்கு எங்கள் சலாம். அந்தப் பெண் என்ன சொன்னாள் என்று மறக்காமல் எழுது, நான் அறிந்துகொள்ள வேண்டும், உன் அத்தாவும் கேட்டார்.

என்றும் உன் சுகமே நாடும் அம்மா,
ஹமீதுன்னிசா